ஒரு படத்திற்காக ஒரு லட்சம் மைல்

லிட்டில் இந்தியாவைப் பற்றி ஐந்து நிமிட ஆவணப்படம் ஒன்றைத் தயாரிக்கும்படி ஒரு வகுப்பு மாணவர்களிடம் கூறினால், அவர்கள் என்ன செய்வார்கள்? கைத்தொலைபேசியை எடுத்துக்கொண்டு சிராங்கூன் சாலைக்குச் செல்வார்கள். பூமாலை தொடுப்பவர்களையும் தேக்கா சந்தையையும் படம் பிடிப்பார்கள். கடைக்காரர் ஒருவரைப் பேட்டி காண்பார்கள். பழைய படங்கள் தேவைப்பட்டால் இணையத்தில் தேடுவார்கள். பிறகு, எடுத்த காட்சிகளை எல்லாம் கணினியில் இட்டு, வேண்டாதவற்றை நீக்கி, வேண்டியவற்றை வரிசைப்படுத்துவார்கள். ஓரிரு வாரங்களில் படம் உருவாகிவிடும்.

உண்மையான மனிதர்களையும் உண்மையான நிகழ்வுகளையும் பதிவுசெய்து காட்டும் படமே ஆவணப்படம். அதற்கு வேண்டிய பணம், ஆள்கள், அனுமதி, காட்சிகள் ஆகியவற்றைத் திரட்டுபவர் தயாரிப்பாளர். திரட்டிய காட்சிகளிலிருந்து தக்கவற்றைத் தேர்ந்தெடுத்துக் கோத்துக் கதையாக்குபவர் படத்தொகுப்பாளர். திரையில் இவர்களுடைய முகம் தெரிவதில்லை. ஆனால் எதைப் பார்க்கிறோம், எதைப் பார்க்காமல் விடுகிறோம் என்பதை முடிவுசெய்பவர்கள் இவர்களே.

இணையமோ கணினியோ இல்லாத காலத்தில் இவ்விரு பொறுப்புகளையும் தன் தோளில் சுமந்து, ஒரே ஒரு படத்திற்காக உலகைச் சுற்றிய தமிழர் ஒருவர் இருந்தார். அவர் பெயர் ஏ. கே. செட்டியார்.

கோட்டையூரிலிருந்து நியூயார்க் வரை

ஏ. கே. செட்டியார் தமிழ்நாட்டின் செட்டிநாட்டுப் பகுதியில் உள்ள கோட்டையூரில் 1911ஆம் ஆண்டு பிறந்தார். அவருடைய முழுப்பெயர் அண்ணாமலை கருப்பன் செட்டியார். செட்டிநாட்டைச் சேர்ந்த நகரத்தார் அந்நாளில் பர்மா, மலாயா, சிங்கப்பூர், இலங்கை முதலிய நாடுகளுக்குச் சென்று வட்டித்தொழிலும் வணிகமும் செய்துவந்தனர். சிங்கப்பூரில் மார்க்கெட் ஸ்திரீட்டில் அவர்களுடைய கிட்டங்கிகள் இருந்தன. டேங்க் ரோட்டில் அவர்கள் கட்டிய தெண்டாயுதபாணி கோயில் இன்றும் தைப்பூசத் திருநாளில் பக்தர்களால் நிறைகிறது.

அந்தச் சமூகத்தில் பிறந்த இளைஞர் கணக்குப் பேரேட்டைக் கையில் எடுத்திருந்தால் யாரும் வியந்திருக்க மாட்டார்கள். செட்டியாரோ எழுத்தையும் ஒளிப்படத்தையும் தேர்ந்தெடுத்தார். முதலில் பர்மாவின் தலைநகராக இருந்த ரங்கூனில் 'தனவணிகன்' என்ற தமிழ் இதழின் ஆசிரியராகப் பணியாற்றினார். பிறரின் எழுத்துகளைப் படித்து, எதை வெளியிடுவது, எதை விடுவது, எதை எந்த இடத்தில் வைப்பது என்று தீர்மானிப்பது இதழாசிரியரின் அன்றாட வேலை. பிற்காலத்தில் படச்சுருள்களைக் கையாளவும் அதே பழக்கம் அவருக்குக் கைகொடுத்தது.

1930களின் நடுப்பகுதியில் அவர் ஜப்பானுக்குச் சென்று தோக்கியோவில் ஒளிப்படக் கலையைப் பயின்றார். அத்துடன் மனநிறைவு அடையாமல் அமெரிக்காவுக்குச் சென்று நியூயார்க் நகரிலும் அதே கலையைக் கற்றார். அக்காலத்தில் மேற்படிப்புக்காக வெளிநாடு சென்ற இந்திய மாணவர்களில் பெரும்பாலோர் பிரிட்டனுக்குச் சென்றனர். சட்டம், மருத்துவம், அரசுப்பணி ஆகியவற்றையே நாடினர். கேமராவைப் பற்றிக் கற்பதற்காகக் கடல் கடந்தவர்கள் மிகச் சிலரே.

கப்பலில் பிறந்த எண்ணம்

1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள். செட்டியார் நியூயார்க்கிலிருந்து அயர்லாந்தை நோக்கிக் கப்பலில் சென்றுகொண்டிருந்தார். அன்று காந்தியடிகளின் பிறந்தநாள். நடுக்கடலில் அவர் மனத்தில் ஓர் எண்ணம் உதித்தது. காந்தியடிகளின் வாழ்க்கையை ஏன் ஓர் ஆவணப்படமாகத் தயாரிக்கக் கூடாது?

அப்போது செட்டியாருக்கு 26 வயதுகூட நிறைவடையவில்லை. அவரிடம் பெரிய நிறுவனமோ பெருஞ்செல்வமோ இல்லை. மேலும், இந்தியா அப்போது பிரிட்டிஷ் ஆட்சியின்கீழ் இருந்தது. அந்த ஆட்சியை எதிர்த்துப் போராடிக்கொண்டிருந்தவரைப் பற்றிப் படமெடுப்பது எளிய செயலன்று. திரைப்படங்களைத் திரையிட அரசின் தணிக்கை அனுமதி வேண்டும். எத்தனை ஆண்டு உழைத்தாலும், கடைசியில் படம் திரைக்கு வருமா என்பதற்கு யாராலும் உறுதி கூற முடியாது.

இன்னொரு சிக்கலும் இருந்தது. காந்தியடிகள் 1869இல் பிறந்தவர். செட்டியார் படம் எடுக்க நினைத்தபோது அவருக்கு 68 வயது நிறைந்திருந்தது. அவருடைய வாழ்வின் முக்கிய நிகழ்வுகளில் பல முன்பே நடந்து முடிந்துவிட்டன. அவர் 1893ஆம் ஆண்டு முதல் 1914ஆம் ஆண்டு வரை பெரும்பாலும் தென்னாப்பிரிக்காவில் வாழ்ந்தார். 1930ஆம் ஆண்டு உப்புச் சத்தியாகிரகத்திற்காக ஏறத்தாழ 390 கிலோமீட்டர் நடந்து தண்டிக் கடற்கரையை அடைந்தார். 1931ஆம் ஆண்டு வட்டமேசை மாநாட்டில் கலந்துகொள்ள லண்டன் சென்றார். நடந்து முடிந்தவற்றை மீண்டும் நடக்கச் சொல்லிப் படமெடுக்க இயலாது. நடிகர்களைக் கொண்டு எடுத்தால் அது ஆவணப்படம் ஆகாது.

எனவே, செட்டியாருக்கு ஒரே வழிதான் இருந்தது. அந்த நிகழ்ச்சிகள் நடந்தபோது யாரேனும் எங்கேனும் படம் பிடித்திருந்தால், அந்தப் படச்சுருள்களைத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டும்.

தேடல்

ஒலியில்லாப் படங்களின் காலத்திலிருந்தே செய்திப்படங்களைத் தயாரிக்கும் நிறுவனங்கள் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் இருந்தன. திரையரங்குகளில் முதன்மைப் படத்திற்கு முன்பு சில நிமிடங்களுக்கு உலகச் செய்திகள் காட்டப்படும். இன்றைய தொலைக்காட்சிச் செய்தியைப் போன்றது அது. செய்தி பழையதானதும் அந்தச் சுருள்கள் பெட்டிக்குள் சென்றுவிடும். சில அடுக்கி வைக்கப்பட்டன. சில தூக்கியெறியப்பட்டன. எந்தப் பெட்டியில் எது இருக்கிறது என்பதற்குப் பல இடங்களில் முறையான பட்டியல்கூட இருந்திருக்காது.

அக்காலப் படச்சுருளின் இயல்பும் ஓர் இடர். அன்று திரையரங்குகளுக்கான படங்கள் நைட்ரேட் என்னும் வேதிப்பொருளாலான சுருளில் பதிவாயின. அது எளிதில் தீப்பற்றக்கூடியது. வெப்பமும் ஈரமும் மிகுந்த இடத்தில் வைத்தால் விரைவில் கெட்டுவிடும், பிசுபிசுத்து ஒட்டிக்கொள்ளும், இறுதியில் பொடியாகிவிடும். ஆகவே, காலம் தாழ்த்தத் தாழ்த்தத் தேடும் பொருளே இல்லாமல் போய்விடும் அச்சம் இருந்தது.

செட்டியார் ஆசியா, ஆப்பிரிக்கா, ஐரோப்பா, அமெரிக்கா என நான்கு கண்டங்களில் அலைந்தார். கப்பலிலும் ரயிலிலும் அவர் பயணம் செய்த தொலைவு ஒரு லட்சம் மைல். அதாவது, பூமியை நான்கு முறை சுற்றி வரும் தூரம். செய்திப்பட நிறுவனங்களின் கதவுகளைத் தட்டினார். காந்தியடிகளை முன்பு படம் பிடித்தவர்களைத் தேடிச் சென்றார். தென்னாப்பிரிக்காவில் காந்தியடிகள் வாழ்ந்த இடங்களைக் கண்டார். காந்தியடிகளுடன் பழகியவர்களையும் சந்தித்தார். 1924ஆம் ஆண்டிலேயே காந்தியடிகளைப் பற்றி நூல் எழுதிய பிரெஞ்சு எழுத்தாளர் ரொமெய்ன் ரோலனும் அவர்களுள் ஒருவர்.

தேடலில் கிடைத்தவற்றுள் மிகப் பழையது 1912ஆம் ஆண்டைச் சேர்ந்தது. கோபால கிருஷ்ண கோகலே என்ற இந்தியத் தலைவர் அவ்வாண்டு தென்னாப்பிரிக்கா சென்றார். அங்குள்ள இந்தியர்கள் படும் துன்பத்தை நேரில் காணச் சென்ற அவரைக் காந்தியடிகள் வரவேற்று உடன் அழைத்துச் சென்றார். அந்தப் பயணத்தின் காட்சிகள் படச்சுருளில் பதிவாகியிருந்தன. தென்னாப்பிரிக்கப் போராட்டத்தில் தமிழர்களின் பங்கு பெரியது. சிறை சென்று நோயுற்று 1914இல் உயிர்நீத்த தில்லையாடி வள்ளியம்மை அவர்களுள் ஒருவர். எனவே, அந்தக் காலத்தின் காட்சிகளைத் தேடிய செட்டியார், கடல் கடந்த தமிழர்களின் வரலாற்றையும் சேர்த்தே தேடினார் எனலாம்.

பழைய காட்சிகள் மட்டும் போதவில்லை. இந்தியாவில் புதிய காட்சிகளையும் எடுக்க வேண்டியிருந்தது. அப்பணியில் டாக்டர் பி. வி. பதி என்ற ஒளிப்பதிவாளர் துணைநின்றார். பாரிஸ் நகரில் பயின்ற அவர், இந்திய ஆவணப்படத்துறையின் முன்னோடிகளுள் ஒருவர். கேமராவிற்காக நிற்பதோ திரும்பிப் பார்ப்பதோ காந்தியடிகளுக்குப் பிடிக்காது. அவர் தம் வேலையைச் செய்துகொண்டிருப்பார். படம் எடுப்பவர்தான் தக்க நொடிக்காகக் காத்திருக்க வேண்டும்.

இவ்வாறு சேர்ந்த படச்சுருளின் மொத்த நீளம் 50,000 அடி. அதற்கு முந்தைய 30 ஆண்டுகளில் ஏறத்தாழ நூறு ஒளிப்பதிவாளர்கள் வெவ்வேறு நாடுகளில் வெவ்வேறு நோக்கங்களுக்காக எடுத்த காட்சிகள் அவை. அந்த நூறு பேரில் பலர் ஒருவரையொருவர் அறியாதவர்களாக இருந்திருக்கலாம். தாங்கள் எடுத்த காட்சி ஒருநாள் ஒரே படத்தில் இணையும் என்று அவர்களுள் பெரும்பாலோர் எண்ணியிருக்க மாட்டார்கள்.

நான்கில் மூன்று பங்கை விடுதல்

50,000 அடி என்பது எவ்வளவு? அன்றைய 35 மில்லிமீட்டர் படச்சுருளில் ஓர் அடிக்கு 16 படங்கள் இருக்கும். பேசும் படம் ஒரு நொடிக்கு 24 படங்கள் வீதம் ஓடும். ஆகவே, ஒரு நிமிடத்திற்கு 90 அடி தேவை. அந்தக் கணக்கில் 50,000 அடியையும் தொடர்ந்து ஓட்டினால் ஒன்பது மணி நேரத்திற்கு மேல் ஆகும். எவரும் அவ்வளவு நேரம் திரையரங்கில் அமர்ந்திருக்க மாட்டார்கள். செட்டியாரின் படம் இறுதியில் 12,000 அடியாக அமைந்தது. அதாவது, ஏறக்குறைய இரண்டேகால் மணி நேரம்.

ஒரு லட்சம் மைல் அலைந்து சேர்த்ததில் நான்கில் மூன்று பங்கைப் படத்தில் சேர்க்கவில்லை! தொகுப்பாளரின் வேலையில் மிகக் கடினமானது இதுதான். அரும்பாடுபட்டுக் கிடைத்த காட்சி என்பதற்காக மட்டும் அதைப் படத்தில் வைக்க முடியாது. படத்தின் கருத்துக்கு அது தேவையா என்பதே கேள்வி.

அக்காலத்தில் தொகுப்பு என்பது கைவேலை. தொகுப்பாளர் படச்சுருளைச் சிறு கருவியில் ஓட்டிப் பார்ப்பார். வெட்ட வேண்டிய இடத்தில் அடையாளமிட்டு வெட்டுவார். ஒரு துண்டின் முனையைச் சுரண்டி, பசை தடவி, அடுத்த துண்டோடு ஒட்டுவார். பிழை நேர்ந்தால் ஒட்டியதைப் பிரித்து மீண்டும் ஒட்ட வேண்டும். இன்றுபோல் ஒரு பொத்தானை அழுத்திப் பழைய நிலைக்குத் திரும்ப முடியாது.

பழைய காட்சிகளை இணைப்பதில் வேறு தொல்லையும் இருந்தது. ஒலியில்லாப் படக் காலத்தில் ஒளிப்பதிவாளர்கள் கேமராவின் கைப்பிடியைச் சுழற்றிப் படம் எடுத்தனர். அதனால் நொடிக்கு 16 முதல் 20 படங்கள் வரையே பெரும்பாலும் பதிவாயின. அதையே நொடிக்கு 24 படங்கள் வீதம் ஓட்டினால் மனிதர்கள் ஓடுவதுபோல் வேகமாக நடப்பார்கள். காந்தியடிகள் இயல்பாகவே விரைந்து நடப்பவர். பழைய படத்தில் அவர் இன்னும் விரைவாக நடப்பதாகத் தோன்றுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

எல்லாவற்றையும்விடப் பெரியது நேர்மை பற்றிய கேள்வி. ஓர் எடுத்துக்காட்டைப் பார்ப்போம். லிட்டில் இந்தியாவில் ஒரு கடைக்காரர், "முன்புபோல் வியாபாரம் இல்லை. ஆனால் பழைய வாடிக்கையாளர்கள் இன்னமும் தேடி வருகிறார்கள். அதனால்தான் கடையை மூடவில்லை" என்று கூறுவதாக வைத்துக்கொள்வோம். தொகுப்பாளர் முதல் வாக்கியத்தை மட்டும் வைத்துவிட்டு மற்றவற்றை வெட்டிவிட்டால் என்ன ஆகும்? படத்தில் உள்ள ஒவ்வொரு சொல்லும் உண்மையாகவே அவர் சொன்னதுதான். ஆயினும், அவர் சொன்னது அதுவன்று. அடுத்து, ஆள்நடமாட்டம் இல்லாத அதிகாலைத் தெருவின் காட்சியைச் சேர்த்துவிட்டால், உயிர்ப்புள்ள ஓர் இடம் வெறிச்சோடிக் கிடப்பதாகப் பார்ப்பவர்கள் நம்பிவிடுவார்கள். உண்மையான காட்சிகளைக் கொண்டே பொய்யைச் சொல்ல முடியும். எனவேதான் கத்தரிக்கோலைப் பிடித்திருக்கும் கைக்கு மனச்சான்று வேண்டும்.

காந்தியடிகளைப் பற்றிய படத்தில் இந்தப் பொறுப்பு இன்னும் மிகுதி. அவரைப் போற்றியவர்களும் இருந்தனர்; எதிர்த்தவர்களும் இருந்தனர். நடந்ததை நடந்தவாறே காட்டும் காட்சிகளைத் தேடி இத்தனை தொலைவு சென்றதே செட்டியார் எந்தப் பக்கம் நின்றார் என்பதைக் காட்டுகிறது. அவர் உண்மையின் பக்கம் நின்றார்.

திரைக்கு வந்ததும் தொலைந்ததும்

1939ஆம் ஆண்டு செப்டம்பரில் இரண்டாம் உலகப்போர் தொடங்கியது. அடுத்த ஆண்டு, 1940 ஆகஸ்ட் 23ஆம் நாள், 'மகாத்மா காந்தி' என்ற அந்த ஆவணப்படம் சென்னை ராக்ஸி திரையரங்கில் வெளியானது. அதைத் தயாரித்த நிறுவனத்தின் பெயர் டாக்குமென்டரி பிலிம்ஸ் லிமிடெட். காந்தியடிகளின் வாழ்க்கையைக் கூறும் முதல் முழுநீள ஆவணப்படமாக இது கருதப்படுகிறது.

அதன் விளக்கவுரை தமிழில் அமைந்திருந்தது என்பது நாம் நினைவில் கொள்ளத்தக்கது. காந்தியடிகளின் தாய்மொழி குஜராத்தி. படத்திற்கான காட்சிகள் பல நாடுகளிலிருந்து வந்தவை. ஆயினும், அவரது வாழ்க்கையை முழுநீள ஆவணப்படமாக முதலில் சொன்ன மொழி தமிழ். பின்னர் தெலுங்கு விளக்கவுரையுடனும் படம் வெளிவந்தது. 1947 ஆகஸ்டில் இந்தியா விடுதலை பெற்றபோது இந்தி விளக்கவுரையுடன் தில்லியில் திரையிடப்பட்டது.

1948 ஜனவரி 30ஆம் நாள் காந்தியடிகள் சுட்டுக்கொல்லப்பட்டார். உலகெங்கும் மக்கள் துயருற்றனர். சிங்கப்பூர் இந்தியர்கள் அவருக்கு நிலையான நினைவகம் ஒன்றை எழுப்ப விரும்பி நிதி திரட்டினர். 1950ஆம் ஆண்டு ஜூன் மாதம் இந்தியப் பிரதமர் ஜவாஹர்லால் நேரு சிங்கப்பூருக்கு வந்தபோது அதற்கு அடிக்கல் நாட்டினார். ரேஸ் கோர்ஸ் சாலைக்கு அருகே, ரேஸ் கோர்ஸ் லேனில் அமைந்த மகாத்மா காந்தி நினைவு மண்டபம் 1953ஆம் ஆண்டு திறக்கப்பட்டது.

அதே 1953இல், செட்டியாரின் படம் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் பெற்றது. 'மகாத்மா காந்தி: இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி' என்ற பொருள்தரும் தலைப்பில் வந்த அதற்கு, குவென்டின் ரெனால்ட்ஸ் என்ற அமெரிக்கப் பத்திரிகையாளர் விளக்கவுரை வழங்கினார். ஒரு நகரில் கல்லாலும் இன்னொரு நாட்டில் படச்சுருளாலும் ஒருவரின் நினைவு ஒரே ஆண்டில் காக்கப்பட்டது.

கட்டடம் நிலைத்து நின்றது. படச்சுருளோ அவ்வாறு நிலைக்கவில்லை. ஆண்டுகள் செல்லச் செல்ல, செட்டியாரின் படத்தைப் பார்த்தவர்கள் குறைந்தனர். பிரதிகள் எங்கே இருக்கின்றன என்பதும் மறந்துபோயிற்று. தொலைந்துபோகவிருந்த காட்சிகளைத் தேடிச் சேர்த்துக் காத்தவரின் படமே தொலைந்துபோனது! செட்டியார் 1983ஆம் ஆண்டு காலமானார். அப்போது அவருடைய படத்தைப் பற்றிப் பேசியவர்கள் மிகச் சிலரே.

இருபது ஆண்டுகளுக்குப் பிறகு நிலைமை மாறியது. படம் உருவான கதையைச் செட்டியார் எழுதிய கட்டுரைகள், வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் முயற்சியால் 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாக வெளிவந்தன. அதோடு நிற்காமல் அவர் படத்தையும் தேடினார். 2006ஆம் ஆண்டு, அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் ஆங்கிலப் பதிப்பின் பிரதி ஒன்று இருப்பதைக் கண்டறிந்தார். காந்தியடிகளின் காட்சிகளைத் தேடிச் செட்டியார் உலகைச் சுற்றினார். செட்டியாரின் படத்தைத் தேடிய மற்றொரு தமிழரின் தேடல் சான் பிரான்சிஸ்கோ வரை நீண்டது. பெட்டியில் வைத்துப் பட்டியலிட்டுப் பாதுகாத்த ஒரு நூலகம் இருந்ததால்தான் அந்தத் தேடலுக்குப் பயன் கிடைத்தது.

தாளிலும் ஒரு தொகுப்பு

காந்திப் படத்திற்குப் பிறகு செட்டியார் இன்னும் பல படங்களைத் தயாரித்துப் புகழடைந்திருக்கலாம் என்று நாம் எண்ணக்கூடும். அவர் மீண்டும் இதழியலுக்கே திரும்பினார். 1943ஆம் ஆண்டு 'குமரி மலர்' என்ற இதழைத் தொடங்கினார். வாழ்நாளின் இறுதிவரை, ஏறத்தாழ 40 ஆண்டுகள் அதை நடத்தினார்.

குமரி மலரின் தனிச்சிறப்பு என்ன? பழைய இதழ்களிலும் நூல்களிலும் மறைந்து கிடந்த அரிய தமிழ்க் கட்டுரைகளைத் தேடியெடுத்து அவர் மறுபடியும் வெளியிட்டார். முற்காலத்தில் தமிழர்கள் எழுதிய பயணக் கட்டுரைகளைத் திரட்டித் தனி நூலாகவும் தந்தார். பெட்டிக்குள் கிடந்த படச்சுருளுக்குச் செய்ததையே அவர் பழுப்பேறிய தாள்களுக்கும் செய்தார். தேடுதல், தேர்ந்தெடுத்தல், வரிசைப்படுத்தல், அடுத்த தலைமுறைக்குக் கொடுத்தல் ஆகிய நான்கும் அவருடைய வாழ்நாள் பணிகளாயின.

தம் பயணங்களையும் அவர் நூல்களாக எழுதினார். 'உலகம் சுற்றும் தமிழன்' என்ற நூலின் தலைப்பு அவருக்கே பட்டப்பெயராயிற்று. 'மலேயா முதல் கனடா வரை' என்பது அவருடைய மற்றொரு பயணநூல். தமிழில் பயண இலக்கியம் வளர்வதற்கு அவருடைய நூல்கள் பெரிதும் உதவின. இவ்வளவு செய்தும் அவர் தம்மை முன்னிறுத்திக்கொள்ளவில்லை. தாம் கண்டதையே பேசினார். கண்ட தம்மைப் பற்றிக் குறைவாகவே பேசினார்.

சிங்கப்பூரில் யார் தேடுவார்கள்?

சிங்கப்பூர் விரைந்து மாறும் நகரம். ஒரு தலைமுறை பார்த்த தெருவை அடுத்த தலைமுறை பார்ப்பதில்லை. எனவே, இங்கும் நினைவுகளைத் தேடிச் சேர்ப்பவர்கள் தேவைப்படுகிறார்கள்.

சிங்கப்பூர் ஆவணப்பட இயக்குநர் டான் பின் பின்னின் படங்கள் இதற்கு நல்ல சான்றுகள். 2005ஆம் ஆண்டு வெளிவந்த 'சிங்கப்பூர் காகா' நகரின் ஒலிகளைப் பதிவுசெய்தது. தெருவோர இசைக்கலைஞர்களும் பெருவிரைவு ரயில் நிலையத்தில் நாள்தோறும் கேட்கும் அறிவிப்புக் குரலும் அதில் இடம்பெற்றன. 2007ஆம் ஆண்டு வெளிவந்த 'இன்விசிபிள் சிட்டி', மறைந்துவரும் சிங்கப்பூரைப் பதிவுசெய்ய முயன்றவர்களைப் பற்றியது. 1950களில் இத்தீவின் வாழ்க்கையை வண்ணப் படச்சுருளில் பதிவுசெய்த மருத்துவர் ஐவன் பொலூனின் அவர்களுள் ஒருவர். அவர் அன்று பதிவு செய்திராவிட்டால், அந்தக் காலத்துச் சிங்கப்பூரை நாம் வண்ணத்தில் காணும் வாய்ப்பு இன்னும் குறைந்திருக்கும்.

பதிவுகளைப் பாதுகாக்கும் அமைப்புகளும் இங்கு உள்ளன. தேசிய ஆவணக் காப்பகம் ஒளிப்படங்களையும் ஒலிப்பதிவுகளையும் திரைப்பதிவுகளையும் காத்துவருகிறது. முதியோரின் வாய்மொழி வரலாறுகளையும் அது பதிவுசெய்கிறது. அவற்றுள் தமிழில் அமைந்தவையும் உண்டு. 2005இல் தொடங்கப்பட்ட ஆசியத் திரைப்படக் காப்பகம் இவ்வட்டாரத்தின் படங்களைப் பேணுகிறது. கேம்பல் லேனில் 2015இல் திறக்கப்பட்ட இந்திய மரபுடைமை நிலையத்தில், தென்கிழக்காசிய இந்தியச் சமூகங்கள் பயன்படுத்திய பொருள்களைக் காணலாம்.

ஆனால் காப்பகங்களால் தம்மிடம் வந்து சேர்ந்தவற்றை மட்டுமே காக்க முடியும். ஒரு குடும்பத்தின் பழைய திருமணக் காணொளி நாடா, தாத்தா பேசிப் பதிவான ஒலிநாடா, மூடப்பட்ட ஒரு கடையின் ஒளிப்படம் போன்றவை அலமாரிகளிலும் கட்டிலுக்கு அடியிலும் கிடக்கின்றன. காந்த நாடாவும் காலப்போக்கில் கெட்டுவிடும். அதை ஓட்டும் கருவியும் கிடைப்பது அரிதாகிவிட்டது. கைத்தொலைபேசியில் உள்ள காணொளிகள் பாதுகாப்பாக இருப்பதாகத் தோன்றலாம். தொலைபேசி பழுதானாலோ கணக்கின் மறைச்சொல் மறந்துவிட்டாலோ அவையும் போய்விடும். எங்கே, எப்போது, யார் என்ற குறிப்பு இல்லாத ஆயிரம் காணொளிகளைவிடக் குறிப்புடன் கூடிய பத்துக் காணொளிகள் வருங்காலத் தொகுப்பாளருக்கு அதிகம் பயன்படும்.

செட்டியாருக்குக் கிடைக்காத வசதிகள் இன்றைய மாணவர்களிடம் உள்ளன. அவர் நான்கு கண்டங்களில் தேடியதைப் போன்ற காட்சிகளைச் சில நொடிகளில் இணையத்தில் காண முடிகிறது. ஆயினும் தேடும் பொறுமையும், வேண்டாததை விடும் துணிவும், பேசியவர் சொன்ன பொருளை மாற்றாத நேர்மையும் எந்தக் கருவியுடனும் சேர்ந்து வருவதில்லை. அவற்றைப் படம் எடுப்பவரே கொண்டுவர வேண்டும்.

சிந்தித்துக் கலந்துரையாடுக

1. காந்தியடிகளின் வாழ்க்கையை ஆவணப்படமாக்கச் செட்டியாருக்குத் தடையாக இருந்தவை யாவை?

2. 'உண்மையான காட்சிகளைக் கொண்டே பொய்யைச் சொல்ல முடியும்.' இக்கருத்தை உங்கள் சொந்த எடுத்துக்காட்டு ஒன்றுடன் விளக்குக.

3. இதழாசிரியரின் பணிக்கும் படத்தொகுப்பாளரின் பணிக்கும் உள்ள ஒற்றுமைகளைப் பாடப்பகுதியிலிருந்து எடுத்தெழுதுக.

4. உங்கள் வீட்டில் உள்ள பழைய ஒளிப்படம் அல்லது காணொளி ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். அது எங்கே, எப்போது, யாரால் எடுக்கப்பட்டது என்பதை வீட்டிலுள்ள பெரியவர்களிடம் கேட்டறிந்து, எட்டு வரிகளில் குறிப்பு எழுதுங்கள்.